20 விநாடி ஆட்டம்: பழைய துண்டுப் படங்களில் நடனமும் பழக்கிய விலங்குகளும்

வெள்ளைப் பட்டுத் துணியை இரு கைகளாலும் சுழற்றிச் சுழற்றி ஆடும் ஓர் இளம்பெண். குட்டிக் குத்துச்சண்டை மேடையில் கையுறை மாட்டிக்கொண்டு ஒன்றையொன்று அடிக்கும் இரண்டு பூனைகள். சினிமா பிறந்த கதையை யார் பேசினாலும் இந்த இரண்டு துண்டுக் காட்சிகளும் எப்படியோ உள்ளே வந்துவிடும். வாட்ஸ்அப் குழுக்களிலும் யூடியூபிலும் இவை சுற்றிக்கொண்டே இருக்கின்றன. கூடவே சில பேச்சுகளும் சுற்றுகின்றன. அந்தக் காலத்துக் கேமராவுக்கு ஓட்டம் சரியாக வராது, அதனால்தான் எல்லாரும் படபடவென்று ஆடுகிறார்கள் என்பது ஒன்று. கதை சொல்லத் தெரியாததால் ஆட்டம், பூனை, நாய் என்று கையில் கிடைத்ததையெல்லாம் எடுத்தார்கள் என்பது இன்னொன்று. பட்டுத் துணி ஆட்டம் எதைக் கண்டாலும், அந்த ஆட்டத்தை உருவாக்கியவரின் பெயரைச் சொல்லி 'இவர்தான் லோயி ஃபுல்லர்' என்று போட்டுவிடுவது மூன்றாவது.

மூன்றுமே தவறு. எதைப் படம் பிடிப்பது என்பதை அன்று ரசனை மட்டும் முடிவு செய்யவில்லை. கருவியும் கூடவே உட்கார்ந்து முடிவு செய்தது. பிலிமின் நீளம் குறைவு, வெயில் இல்லாமல் படம் விழாது, கேமரா நகராது, ஒலி கிடையாது. இந்த நான்கு கட்டுகளுக்குள்ளும் அடங்கி, பார்ப்பவரையும் மகிழ்வித்தவை நடனமும் பழக்கிய விலங்குகளின் வித்தையும். கருவி எப்படி ஓடியது என்று தெரிந்துவிட்டால் மற்றவை தானாக விளங்கும்.

## தையல் மெஷினிலிருந்து தொடங்குவோம்

தையல் மெஷினில் துணி ஒரே சீராக ஓடுவதுபோலத் தெரியும். உண்மையில் அது விட்டுவிட்டுத்தான் நகர்கிறது. ஊசி துணிக்குள் இருக்கும்போது துணி அசையாது. ஊசி மேலே எழும்பியதும் அடியில் இருக்கும் பற்கள் துணியைக் கடித்து ஒரு தையல் நீளம் மட்டும் தள்ளும். மறுபடி ஊசி இறங்கும்.

சினிமாக் கேமராவிலும் இதேதான். பிலிமின் ஓரத்தில் வரிசையாகத் துளைகள் உண்டு. சின்னக் கொக்கி ஒன்று துளைக்குள் புகுந்து பிலிமை ஒரு படத்தின் அளவு மட்டும் இழுத்துவிட்டு வெளியே வரும். பிலிம் நிற்கும். அப்போது ஒளி விழும். மறுபடி கொக்கி இழுக்கும். பிரான்சின் லூயி லூமியேர் தம் கருவிக்கு வழி தேடியபோது தையல் மெஷினைப் பார்த்துத்தான் இந்த யோசனையைப் பிடித்தார்.

இங்கே மூன்று சொற்கள் போதும். பிலிமில் விழும் தனிப் படம் ஒவ்வொன்றும் ஒரு ஃபிரேம். பிலிம் நகரும் நேரத்தில் ஒளியை மறைத்து, நிற்கும் நேரத்தில் திறக்கும் சுழல் தகடு ஷட்டர். ஒரு விநாடிக்கு எத்தனை ஃபிரேம் என்பது வேகம்.

ஷட்டருக்கும் கொக்கிக்கும் தாளம் தப்பினால், பிலிம் நகர்ந்துகொண்டிருக்கும்போதே ஒளி விழுந்து வெள்ளைப் பகுதிகளெல்லாம் மேலும் கீழுமாக இழுபட்டுக் கோடாகிவிடும். துளை கிழிந்திருந்தால் கொக்கிக்குப் பிடி கிடைக்காது, படம் குதிக்கும். பழைய படங்களில் நடனக்காரர் திடீரென ஓர் அங்குலம் எகிறி இறங்குவதுபோல் தெரிந்தால், எகிறியது பெரும்பாலும் அவர் அல்ல, பிலிம்.

சரி, தனித்தனிப் படங்கள் எப்படி அசைவாகத் தெரிகின்றன? 'பிம்பம் கண்ணில் கொஞ்ச நேரம் தங்குகிறது' என்றுதான் பள்ளியில் சொல்லித் தந்திருப்பார்கள். அது பாதி உண்மை. கம்பி மத்தாப்பைச் சுழற்றினால் நெருப்பு வட்டம் தெரிகிறதே, அது பிம்பம் தங்குவதால். ஆனால் அங்கே நமக்குத் தெரிவது வட்டக் கோடு. ஒரு பொறி நகர்வது தனியாகத் தெரிவதில்லை. படங்களும் அப்படியே கண்ணில் தங்கினால் ஒன்றின் மேல் ஒன்று படிந்து குழம்பிப்போகும். நோட்டுப் புத்தகத்தின் மூலையில் ஒவ்வொரு தாளிலும் பொம்மை வரைந்து விரலால் சரசரவென்று புரட்டினால் பொம்மை நடக்கும். அது வேறு சங்கதி. சற்றே மாறிய இரண்டு நிலைகளை அடுத்தடுத்துக் கண்டால், மூளையே இடையில் அசைவைச் சேர்த்துப் புரிந்துகொள்கிறது. இதற்கு விநாடிக்குப் பத்துப் பன்னிரண்டு படம் இருந்தாலே போதும். ஒளி மினுக்காமல் இருக்கத்தான் இன்னும் அதிகம் வேண்டும். அசைவு வேறு, மினுக்கல் வேறு. அடுத்த பகுதி முழுவதும் இந்த வேறுபாட்டின் மேல்தான் நிற்கிறது.

## குனிந்து பார்த்த பெட்டி

நடனமும் பூனையும் முதலில் திரையில் ஓடவில்லை. தாமஸ் எடிசனின் நிறுவனம் உருவாக்கிய கினெட்டாஸ்கோப் என்ற மரப்பெட்டிக்குள் ஓடின. பெட்டியின் மேலே ஒரு கண்துளை இருக்கும். ஒருவர் குனிந்து உள்ளே பார்ப்பார். ஒரு நேரத்தில் ஒருவர் மட்டும்தான். உள்ளே சுமார் 50 அடி பிலிம், முனையோடு முனை ஒட்டிய மாலையாக, பல உருளைகளின் மேல் ஏறி இறங்கி ஓடும். அடியில் மின்விளக்கு, மேலே உருப்பெருக்கும் கண்ணாடி.

கேமராவில் பிலிம் விட்டுவிட்டு நகர்ந்தது என்று பார்த்தோம். பெட்டியில் அப்படி இல்லை. பிலிம் நிற்காமல் ஓடியது. ஓடும் பிலிமைப் பார்த்தால் வெறும் கலங்கல்தானே தெரியும்? அதற்காக உள்ளே ஒரு தகடு சுழன்றது. அதில் ஒரே ஒரு மெல்லிய பிளவு. பிளவு கடக்கும் அந்தக் கணத்தில் மட்டும் ஃபிரேம் ஒளிரும். அந்த நேரம் மிகச் சிறியது என்பதால் ஃபிரேம் நின்றதுபோலவே தெரியும். ஆனால் ஒவ்வொரு ஒளிர்வும் சிறியது என்பதால் விநாடிக்குப் பல ஒளிர்வுகள் தேவைப்பட்டன. குறைந்தால் கண் கூசும் அளவுக்கு மினுக்கும். அதனால்தான் எடிசனின் ஆரம்பப் படங்கள் பல விநாடிக்கு 40 ஃபிரேம் வரை எடுக்கப்பட்டன. அசைவுக்கு அவ்வளவு தேவையில்லை. பெட்டிக்குத் தேவைப்பட்டது.

இப்போது கணக்கு. எடிசனிடம் வேலை செய்த டபிள்யூ. கே. எல். டிக்சன், ஈஸ்ட்மன் நிறுவனத்தின் 70 மி.மீ. பிலிமை நீளவாக்கில் இரண்டாக வெட்டி 35 மி.மீ. ஆக்கினார். ஒரு ஃபிரேமுக்குப் பக்கத்துக்கு நான்கு துளைகள். ஓர் அடி நீளத்தில் 16 ஃபிரேம் அடங்கும். 50 அடிக்கு 800 ஃபிரேம். விநாடிக்கு 40 வீதம் ஓடினால் 20 விநாடியில் முடிந்துவிடும்.

அந்த 20 விநாடிக்குள் எதைக் காட்ட முடியும்? 1894 ஏப்ரல் 14 அன்று நியூயார்க்கின் 1155, பிராட்வே முகவரியில் முதல் கினெட்டாஸ்கோப் கடை திறந்தது. பத்துப் பெட்டிகள், இரண்டு வரிசை. ஒரு வரிசையின் ஐந்து பெட்டிகளையும் பார்க்க 25 சென்ட். பத்துப் படங்களில் ஒரு ஸ்காட்லாந்து நடனம், ஒரு சேவல் சண்டை, ஒரு மல்யுத்தம், ஒரு ஊஞ்சல் வித்தை, உடலை வளைக்கும் பெண்ணின் இரண்டு காட்சிகள், பலசாலி சாண்டோ தசை காட்டுவது, குதிரைக்கு லாடம் அடிப்பது ஆகியவை இருந்தன. எந்த இடத்திலிருந்து பார்க்கத் தொடங்கினாலும் உடனே புரியும் காட்சிகள். மாலைபோல் கட்டிய பிலிமுக்குத் தொடக்கமும் முடிவும் ஏது? நடுவில் நுழைந்தாலும் நட்டமில்லாத காட்சிதான் அதற்குப் பொருத்தம்.

இதுவரை: கேமரா பிலிமை விட்டுவிட்டு நகர்த்தியது, பார்க்கும் பெட்டி நிற்காமல் ஓட்டியது. பெட்டி மினுக்காமல் இருக்க அதிக வேகம் வேண்டியிருந்தது. வேகம் கூடியதால் நேரம் குறைந்தது. நேரம் குறைந்ததால் சட்டென்று புரியும் ஆட்டங்கள் தேர்வாயின.

## கறுப்புக் கொட்டகை

இந்தப் படங்கள் பலவற்றில் பின்னணி ஏன் மைக்கறுப்பாக இருக்கிறது என்று கேட்பவர்கள் உண்டு. அது இரவில் எடுத்ததால் அல்ல. உச்சி வெயிலில் எடுத்தவை அவை.

நியூ ஜெர்சியின் வெஸ்ட் ஆரஞ்சில் எடிசனின் ஆய்வகத்துக்குப் பக்கத்தில் 1893 தொடக்கத்தில் ஒரு கொட்டகை தயாரானது. செலவு 637 டாலர் 67 சென்ட். தார்க்காகிதம் ஒட்டிய கறுப்புச் சுவர்கள். கூரையின் ஒரு பகுதி கதவுபோல் திறக்கும். வெயில் நேராக ஆடுமிடத்தில் இறங்கும். கொட்டகை முழுவதும் வட்டத் தண்டவாளத்தின் மேல் நின்றது. சூரியன் நகர நகர ஆட்கள் கொட்டகையையே தள்ளித் திருப்புவார்கள். 'பிளாக் மரியா' என்று அதற்குப் பெயர். கைதிகளை ஏற்றிச் செல்லும் கறுப்பு வண்டிக்கு அந்த ஊரில் வழங்கிய பட்டப்பெயர் அது.

இவ்வளவு பாடு ஏன்? விநாடிக்கு 40 ஃபிரேம் என்றால் ஒரு ஃபிரேமுக்குக் கிடைக்கும் நேரம் அதிகபட்சம் 1/40 விநாடி. அதிலும் ஷட்டர் பாதி நேரம் மூடியிருந்தால் 1/80 விநாடி. அன்றைய பிலிமின் உணர்திறன் மிகக் குறைவு. வெயிலின்றி ஒன்றும் பதியாது. போதாதற்கு அந்தப் பிலிமுக்கு நீல ஒளி மட்டும் நன்றாகத் தெரியும். வெள்ளையும் நீலமும் வெளுப்பாக விழும். சிவப்பும் மஞ்சளும் ஆரஞ்சும் இருண்டு போகும். ஜொலிக்கும் சிவப்புப் பாவாடையுடன் ஒருவர் வந்து ஆடினால் படத்தில் கரித்துணிதான் தெரியும். கறுப்புச் சுவருக்கு முன்னால் வெள்ளைப் பட்டு என்பது இந்தப் பிலிமுக்குக் கிடைத்த வரம்.

கேமராவோ மின்மோட்டாரில் ஓடிய கனத்த பெட்டி. ஆடுபவர் பின்னால் அது போகாது. அது பார்க்கும் சிறு இடத்துக்குள் ஆடுபவர்தான் நிற்க வேண்டும். மேடைக் கலைஞருக்கு இது கடினமல்ல. தரையில் கோடு போட்டால் போதும். விலங்குக்கு?

## பூனைக்குக் கோடு போட முடியாது

வித்தைக்காரர் ஹென்றி வெல்டனின் பூனைகள் 1894 கோடையில் பிளாக் மரியாவுக்கு வந்தன. படத்தை நிதானமாகப் பாருங்கள். கயிறு கட்டிய குட்டி மேடை. அதற்குள் இரண்டு பூனைகள், முன்னங்கால்களில் கையுறை. இரண்டுக்கும் நடுவில், மேடைக்குப் பின்னால், வெல்டனின் தலை தெரிகிறது. பூனைகள் விடாமல் கைவீசுகின்றன. சுற்றிலும் இருள்.

அந்தக் குட்டி மேடை வெறும் வேடிக்கைக்கு வைத்தது என்றுதான் பார்ப்பவர்கள் நினைக்கிறார்கள். வேடிக்கையும் உண்டு, வேலையும் உண்டு. பூனைகளைக் கேமராவின் எல்லைக்குள்ளேயே வைத்திருக்கிறது. தரையிலிருந்து உயர்த்திக் கேமராவின் நேர்ப்பார்வைக்குக் கொண்டுவருகிறது. கேமராவிலிருந்து அவை எப்போதும் ஒரே தூரத்தில் இருப்பதால் படம் தெளிவு குன்றாது. பூனை இரண்டு எட்டு முன்னால் வந்தாலே உருவம் மங்கிவிடும். பழக்காத பூனை ஐந்தாவது விநாடியில் இறங்கி ஓடினால், மிச்சம் 15 விநாடி, அதாவது 600 ஃபிரேம், வெறும் கறுப்புச் சுவர். ஒட்டி வெட்டும் பழக்கம் அப்போது இல்லை. முழுப் பிலிமும் வீண்.

ஆகவே 'பழக்கிய' என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். இந்த விலங்குகள் கேமராவுக்காகப் பழக்கப்பட்டவை அல்ல. அமெரிக்காவில் வாட்வில் என்று சொல்லப்பட்ட பல்சுவை மேடை நிகழ்ச்சிகளில் ஏற்கெனவே ஆடிக்கொண்டிருந்தவை. அங்கே ஒவ்வொரு கலைஞருக்கும் சில நிமிடங்களே கிடைக்கும். பாட்டு, நகைச்சுவை, நாய் வித்தை, நடனம், கழைக்கூத்து என்று ஒன்றன்பின் ஒன்றாக வரும். கச்சிதமாக, தப்பில்லாமல், தினமும் இரண்டு மூன்று முறை செய்து தேர்ந்த ஆட்டங்கள். அவற்றின் உச்சத்தை மட்டும் வெட்டியெடுத்தால் 20 விநாடிக்குப் பிசகாமல் பொருந்தும். கதை சொல்லத் தெரியாமல் இவற்றை எடுத்தார்கள் என்பது எவ்வளவு பிழையான முடிவு என்று இங்கேதான் தெரிகிறது. சாலையோரம் கழைக்கூத்தாடி கயிற்றில் நடக்கும்போது 'கதை எங்கே' என்று யாரும் கேட்பதில்லை. பார்க்க வைப்பதுதான் அதன் வேலை. சினிமா வரலாற்றாய்வாளர்கள் டாம் கன்னிங்கும் ஆந்த்ரே கோத்ரோவும் 1980களில் இவ்வகைப் படங்களைத் தனி இனமாகப் பிரித்து 'ஈர்ப்புகளின் சினிமா' என்று பெயரிட்டார்கள். கதைக்குள் நம்மை இழுக்காமல், நேராக நம் முகத்தைப் பார்த்து 'இதோ பார்' என்று காட்டும் சினிமா.

அமெரிக்காவுக்கு வெளியேயும் இதே தேர்வுதான். 1895 நவம்பர் 1 அன்று பெர்லினின் வின்டர்கார்டன் அரங்கில் மாக்ஸ், எமில் ஸ்கிளாடனோவ்ஸ்கி சகோதரர்கள் திரையில் படம் காட்டினார்கள். லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் வாங்கிக் காட்டிய டிசம்பர் 28க்கு எட்டு வாரம் முன்பே. ஒரு மனிதரோடு குத்துச்சண்டை போடும் கங்காரு, ரஷ்ய நடனம், இத்தாலியக் குழந்தைகளின் நடனம், பட்டுத் துணி நடனம் ஆகியவை அதில் இருந்தன. ஒவ்வொன்றும் சில விநாடிகளே. மாலையாக ஒட்டித் திரும்பத் திரும்ப ஓட்டினார்கள். பிரான்சில் ஆலிஸ் கீ 1897இல் பட்டுத் துணி நடனத்தை எடுத்தார். சில ஆண்டுகள் கழித்துப் பழக்கிய நாய்களின் வித்தையையும் எடுத்தார். இரண்டையும் ஒன்றாகச் சேர்த்துச் சிங்கக் கூண்டுக்குள் ஒரு பெண் பட்டுத் துணி சுழற்றி ஆடும் படமும் அந்நாட்டில் உண்டு.

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். 20 விநாடிப் படம் விலங்கை எப்படிப் பழக்கினார்கள் என்பதைக் காட்டாது. அடித்தா, தீனி கொடுத்தா என்பதைப் படத்திலிருந்து ஊகித்து எழுதுவது சரியல்ல. ஆனால் விலங்கைக் காட்சிப்பொருளாக மட்டும் பார்த்த காலம் அது என்பதில் ஐயமில்லை. சர்க்கஸ் யானை டாப்ஸியை 1903 ஜனவரி 4 அன்று நியூயார்க்கின் கோனி தீவில் மின்சாரம் பாய்ச்சிக் கொன்றார்கள். எடிசன் நிறுவனம் அதைப் படம் எடுத்து விற்றது. பார்க்கவே மனம் பதறும் படம். மாற்று மின்னோட்டம் ஆபத்தானது என்று காட்ட எடிசன் செய்த ஏற்பாடு என்று இணையத்தில் இன்றும் எழுதுகிறார்கள். எடிசன் ஆதரித்த நேர் மின்னோட்டமா, மாற்று மின்னோட்டமா என்ற அந்தப் போட்டி சுமார் பத்து ஆண்டுகளுக்கு முன்பே முடிந்துவிட்டது. யானையைக் கொல்ல முடிவெடுத்தவர்கள் அதை வைத்திருந்த பொழுதுபோக்குப் பூங்காவினர்.

## பாம்பு இல்லாத பாம்பு நடனம்

பட்டுத் துணி நடனத்தின் பெயர் செர்பன்டைன். தமிழில் இதைப் 'பாம்பு நடனம்' என்று எழுதிவிடுகிறார்கள்; படித்தவர்கள் மகுடியைத் தேடுகிறார்கள். துணி பாம்புபோல் வளைந்து நெளிந்து ஓடுவதால் வந்த பெயர் அது. ஆட்டத்தில் பாம்பு எதுவும் இல்லை.

இதை உருவாக்கிப் புகழ்பெற்றவர் அமெரிக்கரான லோயி ஃபுல்லர். 1892இல் நியூயார்க்கில் ஆடினார். அதே ஆண்டு பாரிஸின் ஃபோலி பெர்ஜே அரங்கில் ஆடிப் பெரும்பெயர் பெற்றார். உடை பல கஜம் மெல்லிய வெள்ளைப் பட்டு. உள்ளே இரண்டு பக்கமும் நீண்ட கோல்கள், கைகளின் நீட்சிபோல. கையால் மட்டும் துணியைச் சுழற்றினால் அலை தோள் உயரத்தைத் தாண்டாது. கோலின் முனை பெரிய வட்டம் போடுவதால் அலை தலைக்கு மேலே எழும்பும். கோல்கள் வைத்த இந்த உடைக்கு 1894இல் அமெரிக்காவில் காப்புரிமை பெற்றார்.

உடைக்குக் கிடைத்த உரிமை ஆட்டத்துக்குக் கிடைக்கவில்லை. தம்மைப் பார்த்து ஆடிய ஒருவர் மேல் 1892இல் அவர் வழக்குப் போட்டார். இந்த ஆட்டம் கதை எதையும் சொல்லவில்லை, பாத்திரம் எதையும் காட்டவில்லை, எனவே நாடகப் படைப்பாகக் கருத முடியாது என்று நீதிமன்றம் தள்ளிவிட்டது. அதன் பிறகு யார் வேண்டுமானாலும் ஆடலாம் என்றாயிற்று. ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் மேடைக்கு மேடை செர்பன்டைன். இன்று நாம் பார்க்கும் படங்களில் ஆடுபவர்கள் அப்படி ஆடிய மற்றவர்கள். எடிசன் படங்களில் இருப்பவர் அனபெல் விட்ஃபோர்டு என்ற இளம்பெண். லூமியேர் படத்தில் ஆடுபவரும் ஃபுல்லர் அல்லர். பெயரைத் தவறாகப் போடும்போது அனபெல்லின் உழைப்பு காணாமல் போகிறது.

கேமராவுக்கு இந்த ஆட்டம் எவ்வளவு பொருந்தியது என்று பாருங்கள். நின்ற இடத்தை விட்டு ஆடுபவர் அதிகம் நகர்வதில்லை. ஆனாலும் ஃபிரேமின் மூலை முடுக்கெல்லாம் அசைவு நிரம்பியிருக்கிறது. வெள்ளைத் துணி, கறுப்புச் சுவர். இசை கேட்காவிட்டாலும் துணியின் ஏற்ற இறக்கத்திலேயே தாளம் தெரிகிறது. வேகமும் கைகொடுத்தது. துணியின் ஓரம் விநாடிக்கு 3 மீட்டர் வேகத்தில் போகிறது என்று வைத்துக்கொள்வோம். விநாடிக்கு 16 ஃபிரேம், ஷட்டர் பாதி நேரம் திறப்பு என்றால், ஒரு ஃபிரேம் பதியும் 1/32 விநாடிக்குள் ஓரம் 9 செ.மீ. நகர்ந்துவிடும், அந்த அளவுக்கு மங்கல். 40 ஃபிரேமில் அது 4 செ.மீ.க்கும் குறைவு. மடிப்புகள் தெளிவாக விழுவது இதனால்தான்.

## நிறம் எங்கிருந்து வந்தது?

சில பிரதிகளில் துணி மஞ்சளிலிருந்து சிவப்புக்கும் பச்சைக்கும் மாறும். 'பிற்காலத்தில் கணினியில் பூசியது' என்று முடிவு கட்ட வேண்டாம். பல பிரதிகள் அன்றே வண்ணம் பெற்றவை. மேடையில் ஃபுல்லர் வெள்ளைத் துணியின் மேல் நிறக் கண்ணாடி வழியாக விளக்கொளியைப் பாய்ச்சினார். ஒளி மாற மாறத் துணியின் நிறமும் மாறியது. படத்தில் அதைக் காட்ட ஒரே வழி, பிலிமிலேயே பூசுவது.

ஒரு ஃபிரேமின் அகலம் சுமார் 25 மி.மீ., உயரம் சுமார் 19 மி.மீ. பெரிய தபால்தலை அளவு. ஒளி ஊடுருவும் சாயத்தை மெல்லிய தூரிகையால் துணியின் பகுதியில் மட்டும் தொட்டு வைக்க வேண்டும். முகத்தில் பட்டால் முகமும் பச்சை. ஒரு ஃபிரேமுக்கு ஒரு நிமிடம் என்று கொண்டாலும் 800 ஃபிரேமுக்கு 13 மணி நேரத்துக்கு மேல். அதுவும் ஒரு பிரதிக்கு மட்டும். அடுத்த பிரதிக்கு மறுபடி முதலிலிருந்து. இந்த வேலையைச் செய்தவர்கள் பெரும்பாலும் பெண்கள். பாரிஸில் எலிசபெத் துய்லியே நடத்திய பட்டறையில் 200க்கும் மேற்பட்ட பெண்கள் வேலை செய்தார்கள்.

கையால் பூசியதை அடையாளம் காண்பது எளிது. படத்தை ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்திப் பாருங்கள். நிறத்தின் விளிம்பு துணியின் விளிம்போடு ஒட்டாமல் ஒவ்வொரு ஃபிரேமிலும் சற்றே விலகி நடுங்கும். ஓட்டும்போது அந்த நடுக்கம்தான் நெருப்பு அலைவதுபோலத் தெரிகிறது. இன்றைய மென்பொருள் பூசிய நிறம் பெரும்பாலும் இப்படி நடுங்காது; துணியோடு தோலுக்கும் தரைக்கும்கூட நிறம் கொடுத்துவிடும்.

## படபடப்பு யார் செய்த வேலை?

லூமியேர் கருவி கையால் சுழற்றுவது. ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம். விநாடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 ஃபிரேம். சுமார் 17 மீட்டர் பிலிம் ஐம்பது விநாடிக்கு மேல் ஓடும். ஒலிப்படம் வந்த பிறகு விநாடிக்கு 24 என்ற வேகம் நிலைத்தது. பழைய பிலிமைப் புதிய புரொஜெக்டரில் ஏற்றியபோது 16இல் எடுத்தது 24இல் ஓடியது. ஒன்றரை மடங்கு வேகம். 51 விநாடி நடனம் 34 விநாடியில் முடிந்துவிடும். எல்லாரும் படபடவென்று ஆடுவதுபோல் தெரிந்தது இதனால்தான். கேமராவின் குறையல்ல.

இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு. அதைச் சொல்பவர்கள் குறைவு. எடிசனின் 40 ஃபிரேம் படத்தை 24இல் ஓட்டினால் 20 விநாடி 33 விநாடியாக இழுபடும். கனவில் மிதப்பதுபோல் அனபெல் ஆடுகிறார் என்று வியப்பவர்கள் பார்ப்பது பல நேரம் இந்த மெதுவாக்கிய ஓட்டத்தைத்தான்.

கையால் சுழற்றிய காலத்தில் ஆபரேட்டரின் கையும் ஒரு காரணம். கூட்டம் சலித்தால் வேகமாகச் சுற்றுவார். அடுத்த காட்சிக்கு நேரமானாலும் வேகமாகச் சுற்றுவார். தமிழ்நாட்டு ஊர்களுக்கும் துண்டுப் படங்கள் இந்தக் கையால் சுழற்றிய காலத்தில்தான் வந்தன. 1905இல் திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், டுபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரையும் படங்களையும் வாங்கி ஊர் ஊராகக் கொட்டகை போட்டுக் காட்டினார்.

உங்கள் கையில் இருக்கும் வீடியோ சரியான வேகத்தில் ஓடுகிறதா என்று சோதிக்க ஒரு வழி உண்டு. புவியீர்ப்பு 1894இலும் இதே அளவுதான். ஒருவர் 30 செ.மீ. உயரம் குதித்தால் காற்றில் இருக்கும் நேரம் ஏறத்தாழ அரை விநாடி. வீடியோவில் அது மூன்றில் ஒரு பங்கு விநாடியாக இருந்தால் ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓடுகிறது. முக்கால் விநாடிக்கு மேல் மிதந்தால் மெதுவாக்கியிருக்கிறார்கள். ஒரு மீட்டர் உயரத்திலிருந்து ஒரு பொருள் தானாக விழுவதற்கு ஆகும் நேரம் 0.45 விநாடி, விநாடிக்கு 16 ஃபிரேம் படமானால் ஏழு ஃபிரேம். துணியை வைத்துச் சோதிக்க வேண்டாம்; காற்று தாங்குவதால் அது மெதுவாகத்தான் இறங்கும்.

அண்மைக்காலமாக '60 ஃபிரேம், 4கே' என்று மெருகேற்றிய பிரதிகள் பெருகிவிட்டன. இரண்டு உண்மையான ஃபிரேமுக்கு நடுவே மென்பொருள் ஊகித்து வரைந்த ஃபிரேம்களைச் சொருகுகிறார்கள். நடந்துபோகும் மனிதரிடம் இது ஓரளவு சரியாக வரும். சுழலும் பட்டில் வராது. ஒரு ஃபிரேமில் முன்னால் இருந்த மடிப்பு அடுத்ததில் பின்னால் போய்விடும். நடுவில் என்ன நடந்தது என்று மென்பொருளுக்குத் தெரியாது. ஓரங்கள் உருகி வழியும், கோல்கள் மறையும், பூனையின் கையுறை காலோடு கரைந்துவிடும். ரசிக்கலாம். ஆனால் அதை வைத்து 1894இன் நடனத்தைப் பற்றி எதையும் முடிவு செய்யக் கூடாது.

வேகத்தைப் பற்றி இவ்வளவு போதும்: எடுத்த வேகமும் காட்டும் வேகமும் ஒன்றாக இருந்தால் அசைவு இயல்பாக இருக்கும். காட்டும் வேகம் கூடினால் படபடப்பு, குறைந்தால் மிதப்பு.

## மிஞ்சியது எப்படி?

அன்றைய பிலிம் நைட்ரேட் வகை. எளிதில் தீப்பிடிக்கும், வைத்த இடத்திலேயே பிசுபிசுத்துப் பொடியாகும். இருந்தும் பல படங்கள் தப்பியதற்கு ஒரு சட்ட ஓட்டை காரணம். அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் 1912 வரை திரைப்படத்துக்குத் தனி இடம் இல்லை, புகைப்படத்துக்கு இருந்தது. ஆகவே படமெடுத்தவர்கள் எல்லா ஃபிரேம்களையும் நீண்ட காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படம் என்று சொல்லிப் பதிவு செய்தார்கள். பிலிம் அழிந்தாலும் காகிதம் நின்றது. 3,000க்கும் மேற்பட்ட படங்கள் இப்படி அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் மிஞ்சின. 1950களில் அந்தக் காகிதத்தை ஃபிரேம் ஃபிரேமாக மறுபடி 16 மி.மீ. பிலிமில் எடுத்தார்கள். சில பழைய வீடியோக்கள் சொரசொரவென்று சாம்பல் பூத்திருப்பது காகிதத்தின் மேற்பரப்பு.

அனபெல் படத்துக்கு வேறொரு கதி. அது விற்ற விற்பனையில், பிரதி எடுத்து எடுத்து நெகடிவே தேய்ந்துபோனது. நெகடிவையும் புதுப் பிலிமையும் ஒன்றன்மேல் ஒன்று அழுத்தி ஓட்டித்தான் பிரதி எடுப்பார்கள். ஒவ்வொரு முறையும் கீறல் விழும், துளை நைந்துபோகும். வேறு வழியின்றி அனபெல்லை மறுபடி அழைத்து அதே நடனத்தை மறுபடி எடுத்தார்கள், பல முறை. எனவே இணையத்தில் ஒரே பெயரில் கிடைக்கும் இரண்டு 'அனபெல்' வீடியோக்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் துணியின் சுழற்சி ஒன்றோடொன்று ஒத்துப்போகாமல் இருக்கலாம். பிரதி கெட்டுவிட்டது என்று நினைக்க வேண்டாம். அவை வெவ்வேறு நாளில், வெவ்வேறு வெயிலில், அதே பெண் ஆடிய வெவ்வேறு ஆட்டங்கள்.